எடுபடாத என் சாவு

மாமல்லபுரத்துக்குப் படப்பிடிப்புக்கு வந்த அந்த ஆங்கிலேய நடிகருக்கு நான்தான் டிரைவர். நீண்ட மூக்கு, நரைத்த புருவம். பாதிரியார், கொலைகாரன், நீதிபதி என்று போடாத வேஷமில்லை. டிவி தொடரொன்றில் பல வருடம் டாக்டர். யார் எதிரே வந்தாலும் முகத்தையே உற்றுப் பார்ப்பார்.

ஒருநாள் திருக்கழுக்குன்றம் தாண்டியதும் எனக்கு நெஞ்சு பிடித்துக்கொண்டது. பயத்தில் ஆங்கிலம் பறந்துவிட்டது. வண்டியை ஓரங்கட்டி, “நான் பூட்டேன் சார்! டாக்டரா நடிச்சிகீற இல்ல, பல்ஸாவது பாரு சார்!” என்று கையை நீட்டி அலறினேன். மணிக்கட்டைப் பிடித்தார். ஆனால் பார்த்தது முழுக்க என் முகத்தை. நல்லவேளை, பெரிய ஏப்பமொன்று வந்து என்னைக் காப்பாற்றியது. அவர் முகத்தில் லேசான ஏமாற்றம்.

மறுநாள் கடற்கரையில் அவர் சாகும் காட்சி. என் பிதுங்கிய கண், என் கோணிய வாய், என் அலறல், அத்தனையும் அப்படியே வந்தன. இயக்குநர் பாதியில் நிறுத்தி எனக்குப் பிடிபடாத வேக ஆங்கிலத்தில் ஏதோ கத்தினார்.

“இன்னா சொல்றாரு?” என்று பக்கத்தில் நின்ற படப்பிடிப்பு மேனேஜரைக் கேட்டேன்.

“நெசத்துல எவனும் இப்டி சாவ மாட்டானாம், அண்ணாத்த. ஒரே ஓவர் ஆக்டிங்காம்.”

அடுத்த டேக்கில் அவர் சத்தமில்லாமல் கண்ணை மூடினார். எல்லோரும் கைதட்டினார்கள். என்னைக் கடந்து போகும்போது, “உன்னால் ஒரு டேக் வீண்” என்றார் ஆங்கிலத்தில்.

“சாரி சார்” என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை.