‘நாங்கள்’ என்று சொன்ன மெக்கானிக்

என் மனைவியின் தம்பி லிஃப்ட் மெக்கானிக். அவர் குடியேறிய நாட்டின் பதிவுகளிலோ, சரக்குக் கிடங்கில் பெட்டி ஏற்றும் தொழிலாளி. இரண்டில் முதலாவதே உண்மை என்று கொண்டுதான் இதை எழுதுகிறேன். நானும் மனைவியும் அவர் வீட்டில் சில மாதங்கள் தங்கியிருந்தபோது நடந்தவை இவை.

ஊரில் அவர் பார்த்தது லேசான வேலையன்று. மொட்டை மாடிக்கு மேலுள்ள இயந்திர அறையில் ஒருவர் நிற்பார். லிஃப்ட் பெட்டியின் தலைமேல் இன்னொருவர் நிற்பார். ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியாது. குரலை நம்பி உயிரை ஒப்படைக்கும் வேலை. ஆகவே பிரேக்கை மாற்றினாலும் கம்பிக்கயிற்றை மாற்றினாலும் ‘மாத்திட்டோம்’ என்பதே அவர்கள் பேச்சு. ‘நான்’ என்ற சொல் அந்தப் பட்டறையில் ஒரே ஒரு சமயத்தில்தான் காதில் விழும்: ஏதேனும் உடைந்துபோய், யார் செய்தது என்று மேஸ்திரி கேட்கும்போது.

புதிய நாட்டில் லிஃப்டைத் தொட உரிமம் வேண்டும். உரிமம் பெற, உள்ளூர் நிறுவனம் ஒன்றில் மெக்கானிக்காகச் சேர்ந்திருக்க வேண்டும். நிறுவனங்களோ, உள்ளூர் அனுபவம் உண்டா என்று கேட்டுக் கதவைச் சாத்தின. இதற்கு மேல் ஒரு கெடு வேறு: தொழிலை விட்டு மூன்று ஆண்டு கழிந்தால் பழைய அனுபவம் செல்லாது. நாங்கள் போய்ச் சேர்ந்தபோது மூன்றாம் ஆண்டு முடியும் தறுவாயில் இருந்தது.

அந்த நிலையில் ஒரே ஒரு நிறுவனம் அவரை நேர்காணலுக்கு அழைத்தது. முதலில் செய்முறைத் தேர்வு. தளத்துக்குச் சற்றுக் கீழே நின்றுகொண்டிருந்த லிஃப்டைச் சரியாக நிற்க வைக்கச் சொன்னார்கள், நிற்க வைத்தார். தேர்வு அதிகாரி முதுகில் தட்டிக்கொடுத்தார். பிறகு மேசைக்கு எதிரே உட்கார வைத்து, முன்பு என்னென்ன வேலை செய்தீர்கள் என்று கேட்டார். மைத்துனர் மனத்தில் தமிழில் நினைத்ததை அந்நாட்டு மொழியில் அப்படியே சொன்னார்: நாங்கள் பிரேக் மாற்றினோம், நாங்கள் மோட்டாரை இறக்கினோம், நாங்கள் மருத்துவமனை லிஃப்டைச் சீர்செய்தோம்.

வேலை கிடைக்கவில்லை. காரணம் கேட்டபோது அதிகாரி தொலைபேசியில் தெளிவாகவே சொன்னார்: “உங்க பங்கு என்னன்னே தெரியலையே. மத்தவங்க செஞ்சதைப் பக்கத்துல நின்னு பாத்தவர் மாதிரி பேசினீங்க.”

சில வாரங்களில் அதே நிறுவனம் அதே இடத்துக்கு மீண்டும் ஆள் கேட்டது. இம்முறை மைத்துனரின் மனைவி விடுவதாக இல்லை. அவர் ஒரு ஓட்டலின் சலவைக்கூடத்தில் வேலை பார்ப்பவர், வாய்த்துடுக்கு உண்டு. சமையலறையிலேயே பயிற்சி தொடங்கிற்று.

“சொல்லுங்க. அந்த ஆஸ்பத்திரி லிஃப்ட்டை யாரு சரி பண்ணது?”

“நாங்கதான்.”

“நாங்கன்னா எத்தனை பேரு? ஊர்வலமா போனீங்களா?”

“சரி, நான்.”

“கேக்கல.”

“நான்தான் பண்ணேன்.”

“போலீஸ் ஸ்டேஷன்ல ஒத்துக்கிற மாதிரியே சொல்றீங்களே. நெஞ்சை நிமித்திச் சொல்லுங்க. சரி, இதைச் சொல்லுங்க, இன்னிக்குச் சமையல் யாரு பண்ணது?”

“நாம.”

“அடேங்கப்பா. அண்ணா, கேட்டீங்களா? உங்க மச்சானுக்கு உப்பு டப்பா எங்க இருக்குன்னு தெரியாது, இதுல ‘நாம’ வேறயாம்.”

என் மனைவிக்குச் சிரிப்பு தாங்கவில்லை. “விடும்மா, அவன் சின்ன வயசுலேருந்தே அப்படித்தான். பரீட்சையில பெயிலானப்பக்கூட வீட்டுக்கு வந்து ‘நாங்க பெயிலாயிட்டோம்’னான்.”

ஒருவழியாக ‘நான்’ அவர் வாயில் படிந்தது. இரண்டாம் நேர்காணலிலும் அதே அதிகாரி. நான் மாற்றினேன், நான் இறக்கினேன், நான் சீர்செய்தேன் என்று ஒன்றுவிடாமல் சொல்லிவிட்டு வந்தார். மூன்றாம் நாள் தொலைபேசி வந்தது. அனைவரும் கேட்கும்படி அதை உணவு மேசைமேல் வைத்தார்.

“உங்க வேலைத் திறமையில குறையே இல்ல. ஆனா கூட வேலை செய்யிறவங்களை நீங்க மதிக்கிறதாத் தெரியல. எதைக் கேட்டாலும் நான், நான்னே சொன்னீங்க.”

“இது யாரோட முடிவு?” என்று மைத்துனர் கேட்டார்.

“நாங்க எல்லாரும் கலந்து பேசினோம்.”

“இவரு மட்டும் ‘நாங்க’ன்னா செல்லுமாக்கும்?” என்று மைத்துனரின் மனைவி பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னார்.

சட்டை நீளம் என்றவனே, அதை வெட்டித் தைத்துக்கொண்டு போனால் குட்டை என்கிறான். அப்படிப்பட்டவனுக்குச் சட்டையே வேண்டாம் போலும் என்றுதான் எவரும் நினைப்பர். நானும் நினைத்தேன். அது தவறு. அவனுக்குச் சட்டை தேவைப்பட்டது. பாதி விலைக்குத் தேவைப்பட்டது. அடுத்து அதிகாரி சொன்னதிலிருந்து அது விளங்கியது.

“உதவியாளர் இடம் ஒண்ணு இருக்கு, சம்பளம் பாதிதான். திங்கக்கிழமையே சேரலாம்.”

“உதவியாளருக்கு என்ன வேலை?”

“மெக்கானிக் செய்யிற எல்லாம்தான். வேலை முடிஞ்சதும் எங்க மெக்கானிக் வந்து கையெழுத்துப் போடுவார்.”

“பிரேக்கும் நானே பாக்கணுமா?”

“ஆமா.”

“கயிறும்?”

“ஆமா. உங்களுக்குத்தான் நல்லா வருதே.”

“உதவியாளரா இருக்கிற காலம் உரிமத்துக்குச் செல்லுமா?”

“செல்லாது. அது சட்டம். நாங்க ஒண்ணும் செய்ய முடியாது.”

மைத்துனர் மனைவியைப் பார்த்தார். அவர் தலையை ஆட்டி, ஒப்புக்கொள்ளுங்கள் என்று சாடை காட்டினார். பெட்டி தூக்கித் தூக்கி மைத்துனருக்கு இடுப்பு போய்விட்டிருந்தது. காலையில் கட்டிலைப் பிடித்துக்கொண்டுதான் எழுவார். அந்தத் தலையாட்டலைப் பார்த்துக்கொண்டேதான் அவர் தொலைபேசியைக் கையில் எடுத்து, “வேண்டாம்” என்றார். நன்றி சொல்லவில்லை.

பிறகு அவர் மனைவி மெல்லத் தொடங்கினார்.

“இடுப்பு வலியாவது நிக்குமேன்னு பாத்தேங்க.”

“நிக்கும்.”

“அப்புறம் என்ன?”

“லிஃப்ட் பெட்டி தலைமேல நிக்கிறது நான். கையெழுத்து இன்னொருத்தன். நாளைக்கு ஏதாவது விழுந்தா மட்டும் என் பேரு வெளிய வரும்.”

“இதை அந்த ஆள்கிட்டயே கேக்கிறதுதானே.”

“கேட்டா புரியாதவனா அவன்? எல்லாம் புரிஞ்சுதானே பேசுறான்.”

என்னைத் திரும்பிப் பார்த்து, “நீங்க என்ன சொல்றீங்க அத்தான்?” என்றார். அவர் செய்ததே சரி என்றேன். சரி என்றவுடன் அவர் இடுப்பும் நினைவுக்கு வந்தது. ஆனாலும் சொன்னதை மாற்றவில்லை.

அடுத்த மாதம் மூன்றாண்டுக் கெடு முடிந்தது. அன்றும் அவர் கிடங்குக்குப் போய்ப் பெட்டி ஏற்றிவிட்டு வந்தார்.

செய்தி கேள்விப்பட்டு ஊரிலிருந்து அவருடைய பெரியப்பா மகன் பேசினார். மைத்துனர் படுத்திருந்ததால் அவர் மனைவிதான் எடுத்தார். புது நாட்டில் மொழி சரியாக வராவிட்டால் அப்படித்தான் ஆகும், நீங்கள் இன்னும் கொஞ்சம் முயன்று படிக்கவேண்டும் என்று அந்தப் பக்கத்திலிருந்து அறிவுரை வந்தது போலும்.

“மொழி எல்லாம் அவருக்கு நல்லாவே வருதுங்க. அவங்க பேசுனது ஒரு வார்த்தை விடாம எங்களுக்குப் புரிஞ்சுது. புரிஞ்சதுனாலதான் வேண்டாம்னாரு,” என்றார் அந்தப் பெண்.

மறுபேச்சுக்கு நிற்கவில்லை. தொலைபேசியை வைத்துவிட்டு, கணவருக்கு வெந்நீர்ப்பையை நிரப்பிக் கொண்டுபோனார்.