மாத்தளை பஸ் நிலையத்து நான்கு கிளிகள்

இல்லை, அந்தக் கிளிகளைக் கொன்றது ஹனீபா நானா இல்லை. அவர் மௌத்தான பிறகும் கடைக்கு வருகிறவர்கள் அதைத்தான் கேட்கிறார்கள். வியாழக்கிழமை அன்னாசி சீவிக்கொண்டிருந்தபோது போன் வந்தது. கலேவெல சந்தையில் மரக்கறி மூட்டை தூக்கியவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாராம். எழவில்லை. அன்று மாலை அஸர் தொழுகைக்கே அடக்கிவிட்டார்கள். முதலாளி எனக்கு லீவு தரவில்லை.

எங்கள் ஜூஸ் கடை பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில். நான் படிப்பைப் பாதியில் விட்டு இரத்தோட்டையிலிருந்து வந்தவன். அண்ணன் முறையில் எல்லோரும் நானா என்று கூப்பிட்ட அவர் பல வருடமாக அங்கே பழம் வெட்டியவர். வாசல் கூண்டில் நான்கு கிளிகள். காலையில் முதல் பழம் அவற்றுக்குத்தான். பப்பாளியைத் தோலோடு கழுவுவார், ஆப்பிளில் ஒரு விதை விடமாட்டார், தின்னாத மிச்சத்தை மதியத்துக்குள் எடுத்துவிடுவார். கூரைக்கு வரும் கொண்டைக்குருவிகளுக்கு ஒருநாள் பூசணம் பிடித்த வாழைப்பழத்தை வீசினேன்.

"நீ தின்பியா தம்பி?"

"நானா, நான் என்ன குருவியா?"

"வயித்து வலின்னா நீ கத்துவ. அது கத்தாது. அவ்வளவுதான் வித்தியாசம்."

பட்டர்புரூட்டை, அதாவது அவகாடோவை, கூண்டுப் பக்கமே விடமாட்டார். "நமக்குச் சத்து, அதுகளுக்கு நஞ்சு" என்பார். எனக்கு அது வீண் பிடிவாதமாகத் தெரிந்தது.

வெள்ளிக்கிழமை அவருக்கு அரைநாள். ஜும்ஆ தொழுகைக்குப் போனால் அன்று கடைக்குத் திரும்பமாட்டார். அப்படி ஒரு வெள்ளி, பட்டர்புரூட் கொஞ்சம் மிஞ்சியது.

"வீணாக்காம கிளிக்குப் போடு" என்றார் முதலாளி.

"நானா ஏசுவாருங்க."

"கடை அவரோடதா, என்னோடதா?"

போட்டேன். மறுநாள் காலை நான்கும் கூண்டின் அடியில் கிடந்தன.

கூண்டுத் தட்டில் காய்ந்து ஒட்டியிருந்ததை நானா நகத்தால் சுரண்டிப் பார்த்தார்.

"யாரு போட்டது?"

முதலாளி முந்திக்கொண்டார். "தெனமும் போடுறது நீங்கதானே. அழுகினதப் போட்டுக் கொன்னுட்டீங்க."

நானா என்னைப் பார்த்தார். வேலை போய்விடும் என்ற பயத்தில் நான் குனிந்து அன்னாசியைச் சீவினேன். அன்றே முதலாளி அவரை வேலையை விட்டுப் போகச் சொல்லிவிட்டார்.

பேச்சு நிலையம் முழுக்கப் பரவியது. அழுகிய பழம் வெட்டுகிறவர் என்று பேர் வந்தவருக்கு எந்தக் கடையில் கத்தி கொடுப்பார்கள்? அறுபது வயதில் மூட்டை தூக்கப் போனார். இப்போது முதலாளி கடை வாசலில் பேனர் கட்டியிருக்கிறார், 'எங்கள் அன்பு ஊழியர்' என்று. கயிற்றை இழுத்துக் கட்டியது நான்தான்.

உருக்கமாக எழுத எனக்கு யோக்கியதை இல்லை. அவர் கழுவிய மாதிரி பழம் கழுவுகிறேன். அவரிடமிருந்து என்னிடம் இருப்பது அது மட்டும்தான். அதை அஞ்சலி என்று சொல்ல வெட்கமாக இருக்கிறது. கலேவெலயில் அவருடைய மகள் இன்னும் தன் வாப்பா அழுகிய பழம் போட்டவர் என்றே பிறர் சொல்லக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். இதை நீங்கள் படிப்பதற்கு முன் அவளிடம் உண்மையை நேரில் சொல்ல வேண்டும். கலேவெல பஸ் வந்துவிட்டது. நான் போகணும்.