முதல் வரிசையில் ரங்கநாயகி அக்கா

ரங்கநாயகி அக்கா போய்விட்டார் என்ற செய்தியை எனக்கு முதலில் அனுப்பியது அவருடைய எதிரி. இசைப் பாரம்பரியத்தைக் காக்கிறேன் என்று ஒரு மையம் நடத்துகிறாரே, அந்தத் தலைவர்தான். ‘நாட்டுப்புற இசை ஆர்வலர் மறைவு, ஆழ்ந்த வருத்தம்’ என்று கைகூப்பும் படத்தோடு வாட்ஸ்அப்பில் வந்திருந்தது. ஆர்வலராம்! கோபம்தான் முதலில் வந்தது. அழுகை அதற்குப் பிறகுதான் வந்தது.

அக்காவைத் தெரிந்த உங்களுக்கெல்லாம் அவருடைய டேப் ரெக்கார்டரையும் தெரியும். காந்திபுரத்தில் என் ரிப்பேர் கடைக்கு அதைத் தூக்கிக்கொண்டு வந்த நாளிலிருந்து எனக்குப் பழக்கம். பிறகு அவர் பாட்டுப் பதியப் போன ஊருக்கெல்லாம் மைக் பிடிக்க நானும் போனேன். அவரிடம் ஒரே ஒரு சட்டம். பாடுகிறவர் முதலில் தன் பெயரையும் ஊரையும் தன் வாயாலேயே சொல்ல வேண்டும். “தோப்புக்காரரைக் கேக்காம தேங்கா பறிக்கறதும், பேரைக் கேக்காம பாட்டைப் புடிக்கறதும் ஒண்ணுதான் தம்பி” என்பார்.

சோமனூரில் ஒரு தறிக்கூடத்தில் மாராத்தாள் என்ற பெண் தாலாட்டுப் பாடினார். சத்தம் காதைப் பிளந்தது. தறியை நிறுத்தச் சொல்லலாமா என்று கேட்டேன். “தறி நின்னுபோச்சுன்னா எனக்குப் பாட்டு வராதுங்க” என்றார் மாராத்தாள். அக்கா சிரித்துவிட்டு, “ஓடட்டும் அம்மணி, நீ பாடு” என்றார். சத்தத்தோடேயே பதிந்தோம்.

அந்தக் கேசட்டுகளைக் கணினியில் ஏற்றித் தருவதாகச் சொல்லித்தான் தலைவர் வாங்கிப் போனார். அட்டைப்பெட்டியில் கட்டி அவர் காரில் ஏற்றியவன் நான். இன்றைக்கும் அந்தக் கையை வெட்டிப் போடலாம் போல இருக்கிறது. பிறகு தொகுப்பு வெளிவந்தது. தறிச் சத்தம் இல்லை. பெயர் சொல்லும் இடமும் இல்லை. எல்லாப் பாட்டுக்கும் கீழே ‘பாடியவர் பெயர் தெரியவில்லை’. தொகுத்தவர் என்று தன் பெயரை மட்டும் கொட்டை எழுத்தில் போட்டிருந்தார்.

கேட்கப் போன அக்காவிடம், “பாட்டு தேசத்தோட சொத்துங்கம்மா, தனி ஆளு பேரு எதுக்குங்க?” என்றார். அக்கா எழுந்து வந்துவிட்டார். டவுன் பஸ்ஸில் உட்கார்ந்த பிறகுதான் வாய் திறந்தார். “இவனை நான் உடப்போறதில்ல தம்பி.”

விடவில்லை. கோபிசெட்டிபாளையமானாலும் சரி, கோவையானாலும் சரி, அந்த ஆள் மேடை ஏறினால் முதல் வரிசையில் அக்கா இருப்பார். ‘பெயர் தெரியாத ஒரு பெண்’ என்று அவர் ஆரம்பித்ததும் எழுந்து, “ஏனுங்க, அவங்க பேரு மாராத்தாளுங்க. சோமனூருங்க” என்பார். குரல் உயராது, மரியாதை குறையாது. சொல்லிவிட்டு உட்கார்ந்துகொள்வார். மேடையில் தலைவருக்கு வேர்த்துக் கொட்டும். அதைப் பார்க்க எனக்கு இனித்தது. மறைப்பானேன்?

“மன்னிச்சு உட்டுடலாமேக்கா” என்று ஒருமுறை சொல்லிப்போட்டேன். “மாராத்தா மன்னிச்சான்னா நானும் மன்னிக்கறேன். போயி கேட்டுட்டு வா” என்றார். நான் போகவில்லை.

இரங்கல் கூட்டத்தையும் தலைவரே நடத்தினார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, அக்காவுக்குப் பிடித்த பாட்டு என்று அந்தத் தாலாட்டையே போட்டார். “பேரு தெரியாத ஒரு தாய்...” என்று தொடங்கினார். அக்கா இல்லை என்ற தைரியம்! எழுந்தேன். “ஏனுங்க, அவங்க பேரு மாராத்தாளுங்க. சோமனூருங்க” என்றேன். கண்ணைத் துடைத்த கையாலேயே தலைவர் நெற்றி வேர்வையைத் துடைத்துக்கொண்டார்.

அக்காவிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது அந்த முதல் வரிசை நாற்காலி. அடுத்த மாதம் மையத்தின் ஆண்டு விழாவாம். எனக்கு அழைப்பு வரவில்லை. அக்காவுக்கும் ஒரு தடவைகூட வந்ததில்லை.