கயிற்றில் வைத்த கை

எங்கள் அப்பாவின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு வந்து இந்நினைவு மலரைக் கையில் எடுத்திருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் அவருடைய மூத்த மகள் எழுதுவது. அழகாக எழுத வேண்டும் என்றுதான் உட்கார்ந்தேன். முடியவில்லை.

அப்பா கடற்கரைக் கிராமமான உடப்பில் பிறந்தவர். தம் தகப்பனாரைக் கடலுக்குக் கொடுத்தபின் பள்ளிக்கூடத்தை விட்டு, கரையில் நின்று பலர் சேர்ந்து இழுக்கும் கரைவலைக்குப் போனார். யுத்த காலத்தில் கடலுக்குத் தடை வருவதும் போவதுமாக இருந்தபோது, தாம் அரைவயிறு உண்டு எங்கள் மூவரையும் படிக்க வைத்தார். வலை இழுக்கையில் அம்பா பாடுவதில் அவருக்கு நிகர் இல்லை. அவர் குரல் எடுத்தால் ஓய்ந்த கையும் கயிற்றை இறுக்கும். பிடிவாதத்திலும் அவருக்கு நிகர் இல்லை. இனாமாக ஒரு மீன் வாங்கமாட்டார்.

யுத்தம் முடிந்தது, இனி நிம்மதி என்றிருந்த வேளையில் அவர் அடிக்கடி மயங்கி விழத் தொடங்கினார். இதயத் துடிப்பு விட்டுவிட்டு நிற்கிறது என்றார்கள். கொழும்பில் இடது தோளுக்குக் கீழே பேஸ்மேக்கர் வைத்தார்கள். அதிலிருந்து ஒரு மெல்லிய வயர் இதயத்துக்குள் போகிறது; அது உள்ளே பிடித்துக்கொள்ளும்வரை இடது கையை உயர்த்தக்கூடாது, பாரம் இழுக்கக்கூடாது என்று டொக்டர் படித்துப் படித்துச் சொன்னார்.

எங்கள் கரையில் கயிற்றில் கை வைத்தவருக்குத்தான் மீனில் பங்கு. அவர் போகாதபோதும் வலைக்காரர்கள் வீட்டுக்கு அனுப்பிய பங்கை அப்பா திருப்பி அனுப்பிவிட்டார். ஆகவே வலைக்குச் சொந்தக்காரரான சம்மாட்டி மாமா, அம்மாவின் தம்பி, நேரிலேயே வந்தார்.

"அத்தான், இழுக்க வேணாம். சும்மா கயித்தில கைய மட்டும் வைங்க. பங்கு உங்கட பங்குதான்."

"வேணாம் மாமா, வயர் இன்னும் பிடிக்கயில்ல," என்றேன்.

"நீ பயப்படாத புள்ள, நாங்க பாத்துக்கொள்றம்."

"ஓம், கை வைக்கத்தானே," என்று அப்பா எழுந்துவிட்டார். எத்தனையோ நாளைக்குப் பிறகு அவர் முகத்தில் சிரிப்பைக் கண்டேன்.

அன்று வலை கனத்து வந்தது. அம்பா எழுந்தது. பாட்டு வந்தபின் அந்தக் கை சும்மா இருக்குமா? இரண்டு கையாலும் இழுத்திருக்கிறார். கண்டவர்களும் பழைய ஆள் திரும்பிவிட்டார் என்று மகிழ்ந்தார்களாம்.

மறுநாள் காலை முற்றத்தில் விழுந்தார். "மெஷின் சரியாத்தான் வேலை செய்யுது, வயர்தான் இடம் மாறிட்டுது, உடனே கொழும்புக்குக் கொண்டுபோகணும்," என்றார் ஆஸ்பத்திரி டொக்டர். அம்புலன்ஸில் அப்பாவின் மணிக்கட்டைப் பிடித்தபடி நான் கும்பிடாத தெய்வம் இல்லை. திரௌபதை அம்மனைத் திட்டினேன், பிறகு மன்றாடினேன். இடையில் கண் திறந்து, "கை நோகுது புள்ள, மெதுவாப் பிடி," என்றார். நீர்கொழும்பு வருமுன் நாடி நின்றுவிட்டது. நான் பிடியை விடவில்லை. தாதிதான் என் விரல்களை எடுத்துவிட்டார்.

அந்தத் தாதிக்கும் சாரதிக்கும், அடுப்பு மூட்டாத எங்கள் வீட்டுக்குச் சோறு கொண்டுவந்த அயலவர்களுக்கும் நன்றி. தீயில் வெடித்துவிடும் என்பதால் தகனத்திற்கு முன் பேஸ்மேக்கரை எடுத்துத் தந்த டொக்டருக்கும் நன்றி. எடுக்கும்போதும் அது துடிப்பை அனுப்பிக்கொண்டுதான் இருந்ததாம்.

சம்மாட்டி மாமா, வலைக்காரர்களே, நீங்கள் படலைக்கு வெளியிலேயே நின்று திரும்பிப்போவது எனக்குத் தெரியும். அன்பினால் செய்தீர்கள் என்பதும் தெரியும். அப்பாவைச் சுமந்து போனவர்களும் நீங்கள்தான், அதற்கு நன்றி. மன்னிக்க என்னால் இன்னும் முடியவில்லை. ஆனாலும் இன்றைக்கு உள்ளே வாருங்கள். சாப்பிடாமல் போகாதீர்கள்.