தெற்கே திரும்பிய ஆன்டெனா

எண்பதுகளின் நடுவில் ஆரணியில் வீடியோ டெக் வைத்திருந்த வீடுகளை விரல் விட்டு எண்ணிவிடலாம். எது கெட்டாலும் என் கடைக்குத்தான் வரும். நான் கண்ணமங்கலத்துக்காரன். ரேடியோ ரிப்பேரில் தொடங்கி, டிவிக்கு வந்து, டெக்கையும் பிரித்துப் பார்த்துப் பார்த்தே கற்றுக்கொண்டு, ஆரணி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் கடை போட்டு இரண்டு வருஷம் ஆகியிருந்தது. வயது இருபத்தாறு. என் ஸ்க்ரூ டிரைவருக்குத் தெரியாத கோளாறு உலகத்தில் கிடையாது என்று ஒரு நினைப்பு.

ஒரு சித்திரை மாதம் சனிக்கிழமை காலையில், நாற்பது வயதிருக்கும் ஒரு அம்மா ரிக்‌ஷாவில் வந்து இறங்கினார். மடியில் டவல் சுற்றிய டெக். பத்திர ஆபீசில் டைப்பிஸ்ட்.

"கிரிக்கெட்டுன்னு டைம் வச்சிட்டு ஆபீசுக்குப் போறேன், தம்பி. சாயந்திரம் வந்து போட்டா வேற இன்னாவோ ஓடுது" என்றார்.

கேசட்டைப் போட்டுப் பார்த்தேன். வளைகுடாப் பக்கம் அப்போது வெள்ளிக்கிழமைகளில் நடந்துகொண்டிருந்த ஒருநாள் ஆட்டம். முதல் கால் மணி நேரம் ஒழுங்காக ஓடியது. பந்து வீச ஒருவர் ஓடி வருகிறார். கை மேலே போகும்போது படம் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு கிழிந்தது. திரை முழுக்க எறும்பு ஊர்வதுபோல் புள்ளிகள். புள்ளிகளுக்குள்ளிருந்து மெதுவாக மனிதர்கள் தெரிந்தார்கள். நடுவில் ஒரு வலை. இரண்டு பக்கமும் ஆட்கள் எம்பி எம்பிக் குதித்தார்கள். வாலிபால். ஆனால் அந்தப் புள்ளிகளில் பந்து மட்டும் கண்ணுக்குப் படவேயில்லை. வெறும் கைகள் உயர்ந்து, வெறும் காற்றை அடித்துவிட்டு இறங்கின. அடிக்குப் பிறகு கூட்டம் கத்தியது, எங்கோ கிணற்றுக்குள்ளிருந்து கத்துவதுபோல. வர்ணனை சொல்பவர் பேசியது தமிழில்லை, இந்தியில்லை. ரேடியோவில் ஸ்டேஷன் தேடும்போது கேட்டுப் பழகிய சிங்களம்.

அரை மணி நேரத்துக்கு மேல் அப்படி ஓடியது. பிறகு படம் மறுபடி கிழிந்து, கிரிக்கெட் வந்துவிட்டது. வேறு யாரோ பந்து வீசிக்கொண்டிருந்தார்.

"பாத்தீங்களா?" என்றார் அந்த அம்மா. "ரெண்டு வெள்ளிக்கிழமையா இதேதான்."

எனக்குக் காரணம் பாதி தெரிந்துவிட்டது. கோடையில் சில நாள் கடலைத் தாண்டி இலங்கை டிவி நம் பக்கம் எட்டிப் பார்க்கும். சென்னையும் அதுவும் அடுத்தடுத்த அலைவரிசை. ட்யூனர் லேசாக நழுவினால், பலமாக இருப்பதைப் பிடித்துக்கொள்ளும். டெக்கை ஐந்து நாள் கடையில் வைத்துக்கொண்டேன். ஹெட்டைத் துடைத்தேன், டைமரைச் சோதித்தேன், ட்யூனரைச் சூடாக்கியும் ஆறவைத்தும் பார்த்தேன். ஐந்து நாளும் ஒரு தப்பு இல்லாமல் சென்னையையே பதிவு செய்தது. வியாழக்கிழமை சாயந்திரம் நானே கொண்டுபோய்ப் பொருத்தினேன்.

அன்றுதான் அவருடைய வீட்டுக்காரரைப் பார்த்தேன். கூடத்தில் டிவிக்கு எதிரே கட்டிலில் மல்லாந்து படுத்திருந்தார். நெட்டையான ஆள், கால் கட்டிலைத் தாண்டி நீண்டிருந்தது. கண் திறந்திருந்தது, ஆனால் நான் போனதும் வந்ததும் அதில் பதியவில்லை.

"ஸ்கூல்ல டிரில் மாஸ்டரா இருந்தாரு. நாலு வருஷமா இப்படித்தான். கை கால் வராது, பேச்சும் இல்ல. விளையாட்டு எதுனா காட்டினே இருங்க, ஒரு நாள் அசைவு வரும்னு டாக்டர் சொன்னாரு. அதுக்குத்தான் எங்க அண்ணன் சிங்கப்பூர்லருந்து இந்த டெக்கை அனுப்பினான். பகல்ல வர ஆட்டத்தப் புடிச்சு வச்சி, ராத்திரி சாப்பாடு ஊட்டும்போது போட்டுக் காட்டுவேன்."

"பகல்ல வீட்டுல யாரு இருப்பாங்க, மேடம்?"

"யாரு இருக்கறாங்க? அவரு மட்டும்தான். வெளிய பூட்டிகினு போயிடுவேன். ஒரு மணிக்குப் பக்கத்து வீட்டு அம்மா வந்து கஞ்சி குடுத்துட்டுப் போவாங்க. அவங்ககிட்ட ஒரு சாவி இருக்குது."

புறப்படுமுன் ஆன்டெனாவைப் பார்த்துவிடலாம் என்று பின்கட்டுக்குப் போனேன். இரும்புக் குழாய் முற்றத்துத் தரையிலிருந்து சுவரோடு ஏறி மொட்டைமாடியையும் தாண்டி நின்றது. கையால் திருகும் நட்டு ஒன்று இடுப்பு உயரத்தில் அதைப் பிடித்திருந்தது. தலையைத் தூக்கிப் பார்த்தேன். சென்னையைப் பார்த்து வடகிழக்கே இருக்கவேண்டிய ஆன்டெனா, அங்கிருந்து நழுவித் தெற்குப் பக்கமாகச் சாய்ந்திருந்தது.

"காத்துல திரும்பியிருக்கும்" என்றார் அந்த அம்மா.

எனக்கும் அப்படித்தான் தோன்றியது. திருப்பிச் சரி செய்து, நட்டை இறுக்கி, துரு ஏறாமலிருக்கக் கறுப்பு கிரீஸைத் தாராளமாகத் தடவிவிட்டு வந்தேன்.

சனிக்கிழமை காலையில் கடையைத் திறக்கும்போதே அவர் நின்றுகொண்டிருந்தார். மறுபடியும் வாலிபால்.

வீட்டுக்குப் போனோம். ஆன்டெனா வடகிழக்கே சரியாகத்தான் இருந்தது. கேசட்டை அங்கேயே போட்டுக் கவனித்தேன். பதிவு பன்னிரண்டு மணிக்குத் தொடங்கும். பன்னிரண்டேகால் சுமாருக்குப் படம் கிழிகிறது. ஒரு மணிக்குக் கொஞ்சம் முன்னால் திரும்ப வருகிறது. முந்தைய இரண்டு கேசட்டிலும் அதே கணக்கு. காற்றுக்கு மணி பார்க்கத் தெரியுமா?

அந்த அம்மா காபி போட உள்ளே போனார். திரையில் பந்தில்லாத அந்த ஆட்டம் ஓடிக்கொண்டிருந்தது. ஏதோ ஒரு உணர்வில் கட்டில் பக்கம் திரும்பினேன். அவர் கண் திரையில் இருந்தது. வலது கை போர்வை மேல் கிடந்தது. அந்தக் கைக்குப் பக்கத்தில், வெள்ளைப் போர்வையில், மூன்று விரல் அகலத்துக்குக் கறுப்பாக ஒரு தீற்று. முந்தாநாள் நான் தடவிய கிரீஸ்.

"சார்" என்று மெதுவாகக் கூப்பிட்டேன்.

கண் இமைகூட ஆடவில்லை. நான் நின்ற இடத்திலிருந்து அவர் மூச்சு கேட்டது. அது மட்டும் ஒரு கணம் நின்று, பிறகு தொடர்ந்தது. அந்த அம்மா காபியோடு வந்தபோது தம்ளரை வாங்கிக்கொண்டேன். என்னவென்று சொல்வது? உங்கள் வீட்டுக்காரர் நடக்கிறார் என்றா? நான் தப்பாக இருந்தால் அதைவிடப் பாவம் வேறில்லை.

"அடுத்த வெள்ளிக்கிழமை நீங்க ஆபீஸ்ல இருக்கும்போதே ஒரு தடவை மேல ஏறிப் பாக்கறேன்" என்று மட்டும் சொன்னேன். பின்பக்கச் சந்துக் கதவின் நாதாங்கியை வெளியிலிருந்தே தள்ளித் திறக்கலாம் என்றார்.

வெள்ளிக்கிழமை பன்னிரண்டு மணிக்குச் சந்து வழியாகப் போய், முற்றத்தில் சாத்தியிருந்த மூங்கில் ஏணியில் சத்தமில்லாமல் மொட்டைமாடிக்கு ஏறினேன். உச்சி வெயில். பக்கத்து வீட்டிலிருந்து தறியின் சத்தம் ஒரே சீராக வந்துகொண்டிருந்தது. சுவர் விளிம்பிலிருந்து தள்ளி, குழாயை ஒரு கையால் பிடித்தபடி குந்தினேன். குழாய் சுட்டது. விடவில்லை.

எவ்வளவு நேரம் என்று தெரியாது. என் கைக்குள் குழாய் அசைந்தது.

இலை அசையாத வெயில் அது. காற்றே இல்லை. குழாய் என் உள்ளங்கைக்குள் மெதுவாக, நின்று நின்று, சுழன்றது. தலைக்கு மேலே ஆன்டெனா முனகிக்கொண்டு தெற்கே திரும்பியது. யாரோ இருட்டில் என் கையைப் பிடித்துத் திருப்புவதுபோல இருந்தது. ஓடிவிடலாம் என்றுதான் முதலில் தோன்றியது. ஆனால் தவழ்ந்துபோய் விளிம்பில் எட்டிப் பார்த்தேன்.

கீழே, வேட்டியோடு, குச்சிபோன்ற கால்களை அகல வைத்து, இரண்டு கையாலும் குழாயைப் பிடித்துக்கொண்டு அவர் நின்றார். ஆன்டெனாவைப் பார்க்க அண்ணாந்த முகம் நேராக என் முகத்தைப் பார்த்தது.

இரண்டு பேரும் கத்தவில்லை. நான் இறங்கி வரும்வரை அவர் அப்படியே நின்றார். பக்கத்தில் போனபோதும் கைகள் குழாயை விடவில்லை.

"அவகிட்ட சொல்லிடாதப்பா" என்றார். நாலு வருஷம் புழங்காத குரல், துருப்பிடித்த கீல் திறப்பதுபோல வந்தது.

"எத்தனை நாளா சார் நடக்கறீங்க?"

"ஒண்ணரை வருஷம் இருக்கும். மொதல்ல நெசமாவே வரல. ஒரு நாள் விரல் அசஞ்சிது. அப்புறம் கால். சொல்லல."

"ஏன் சார்?"

அவர் பக்கத்து வீட்டுச் சுவரைப் பார்த்தார். தறி அடித்துக்கொண்டிருந்தது.

"ஒரு மணிக்குக் கஞ்சி எடுத்துகினு வராங்களே, அவங்க பையன் என் டீம்ல இருந்தான். வலைக்கு மேல இடுப்பு தெரியற மாதிரி எம்புவான். சந்தவாசல்ல மேட்ச். ஜெயிச்சுட்டு வரும்போது, ஏரியில குளிக்கறோம் சார்னு பசங்க கேட்டானுங்க. சரின்னேன். நான்தான் சரின்னேன். எல்லாரும் மேல வந்தானுங்க. அவன் வரல."

குழாயைப் பிடித்திருந்த தன் கைகளைப் பார்த்தார். பிறகு சொன்னார். "அடுத்த மாசமே நான் உழுந்துட்டேன். அந்தம்மா கஞ்சியோட வந்து நின்னாங்க. படுத்துகினு இருக்கறவன் அவங்க மூஞ்சியப் பாக்க வேணாம். எழுந்தா பாக்கணும். இன்னா சொல்லுவேன்?"

தறிச் சத்தம் கேட்டால் பக்கத்து வீட்டு அம்மா தறிக்குழியில் உட்கார்ந்து நெய்கிறார் என்று அர்த்தம். அது ஓடும்வரை டிரில் மாஸ்டர் எழுந்து நடப்பார். பங்குனி மாதம் ஒரு நாள் ஆன்டெனா காற்றில் தானாகத் திரும்பி, டிவியில் அந்த வாலிபால் வந்திருக்கிறது. அதிலிருந்து தானே திருப்ப ஆரம்பித்திருக்கிறார்.

"அதுல ஒருத்தன் எம்பறான்ப்பா. அதே மாதிரி. புள்ளியில மூஞ்சி தெரியாது. தெரியாததால அவன்னு வச்சுக்கலாம்."

"டெக்குல பதியுதுன்னு தெரியுமில்ல, சார்?"

"தெரியும்" என்றார்.

அந்த நிமிஷத்தில் தறி நின்றது. பேசிக்கொண்டே மணியை மறந்துவிட்டிருந்தோம். அவர் முகம் வெளுத்துப்போய்க் கூடத்துப் பக்கம் திரும்பினார்; ஆனால் அவர் நடையில் கட்டிலுக்குப் போக ஐந்து நிமிஷமாவது ஆகும். வாசல் பூட்டில் சாவி போடும் சத்தம் கேட்டது. நான் அவர் தோளைப் பிடித்தேன். எலும்பு மட்டும்தான் கையில் பட்டது.

பக்கத்து வீட்டம்மா கூடத்தைக் கடந்து பின்கட்டு வாசலில் வந்து நின்றார். கையில் ஈயம் பூசிய தூக்கு. வெறும் கட்டிலைப் பார்த்துவிட்டுத்தான் வந்திருக்கிறார். ஆனால் அவரிடம் பதற்றமே இல்லை. என்னை ஒரு தரம் பார்த்தார். டிரில் மாஸ்டரைப் பார்த்தார்.

"வெயில்ல நிக்காதீங்க சார். கஞ்சி ஆறிடும்."

டிரில் மாஸ்டர் குழாயை விட்டார்.

"தெனம் வாயில ஊத்தறவ நானு. முழுங்கறத வச்சித் தெரியாதா?" என்றார் அந்த அம்மா என்னிடம், ஏதோ நான் கேட்டதுபோல. "போன வருஷமே தெரியும், தம்பி. தறி நின்னா இவரு போய்ப் படுத்துக்கறாரு. கால் மரத்தாலும் நான் நிறுத்தறதில்ல. மனுசன் நடக்கட்டும்னு."

டிரில் மாஸ்டர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். அந்த அம்மா எதிரில் உட்கார்ந்து தூக்கைத் திறந்து கையில் கொடுத்தார். "நீங்களே குடிங்க" என்றார். அவர் இரண்டு கையாலும் பிடித்துக் குடித்தார். அழுததாக நினைவில்லை. நான் சந்துக் கதவைச் சாத்திக்கொண்டு வெளியே வந்துவிட்டேன்.

அன்று சாயந்திரம் மனைவி வரும்போது அவர் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாராம். இந்தச் செய்தி மறுநாளே என் கடைவரைக்கும் வந்தது. எல்லாரும் சந்தோஷமாகச் சொன்னார்கள். அவர் மனைவி மட்டும் சந்தோஷப்படவில்லை. இரண்டு வாரம் கழித்துக் கடைக்கு வந்தவர், ஸ்டூலில் உட்கார்ந்தார்.

"தூக்கிக் குளிப்பாட்டினவ நானு, தம்பி. பக்கத்து வீட்டம்மாவுக்குத் தெரிஞ்சிருக்கு. எனக்குத் தெரியல" என்றார். "அவரோட பேசறதில்ல. சோறு போட்டு வைக்கறேன். அவரே எடுத்து சாப்பிடறாரு."

சோடா வாங்கிக் கொடுத்தேன். பாதி குடித்துவிட்டு எழுந்து போனார்.

அந்த வருஷம் மழைக்காலத்தில் அவர் சேத்துப்பட்டுக்கு மாற்றல் கேட்டு வாங்கினார். சாமான் ஏற்றிய நாளில் டிவியைக் கழற்றிக் கட்டிக் கொடுக்க என்னைக் கூப்பிட்டிருந்தார்கள். டிரில் மாஸ்டர் கைத்தடியோடு லாரி பக்கத்தில் நின்று, கட்டில் காலைச் சாக்கில் சுற்றச் சொல்லிக்கொண்டிருந்தார். மனைவி அவரிடம், "அந்தப் பக்கம் நவுருங்க, கயிறு கட்டணும்" என்றார். கோபமாகத்தான் சொன்னார். ஆனால் அவரைப் பார்த்துச் சொன்னார். பக்கத்து வீட்டம்மா வாசலில் மீதியிருந்த இரண்டு குடங்களைக் கொண்டுவந்து லாரியில் ஏற்றிவிட்டார்.