செந்தில்நாதன் பெயரில் ஆறு விக்கெட்

பெனடிக்ட் இருபத்திரண்டு வருஷம் பந்து போட்டார். முப்பத்தொரு டீமுக்குப் போட்டார். அந்த முப்பத்தொன்றில் ஒன்றுகூட அவருடைய டீம் கிடையாது, ஒரு ஸ்கோர் ஷீட்டில்கூட அவர் பெயர் கிடையாது. இதைக் கேட்டுவிட்டு யாராவது 'ஐயோ பாவம்' என்றால் அவருக்குக் கோபம் வரும். பாவப்பட இதில் ஒன்றுமில்லை, நெய்வேலியில் அதுதான் முறை என்பார்.

மே மாதம் டவுன்ஷிப்பில் பிளாக்குகளுக்கு இடையே டென்னிஸ் பந்து கிரிக்கெட் நடக்கும். அந்தந்த பிளாக் குவார்ட்டர்ஸில் குடியிருக்கும் குடும்பத்துப் பிள்ளைகள்தான் ஆட வேண்டும் என்பது விதி. விதியில் ஒரு குறையும் இல்லை. பிள்ளைகள்தான் இல்லை. படிப்பு முடிந்த கையோடு பெங்களூருக்கும் சிங்கப்பூருக்கும் கிளம்பிவிடுகிறார்கள், வீட்டில் பெயர் மட்டும் மிச்சம். அந்தப் பெயருக்கு வெளியூரிலிருந்து ஒரு ஆளைப் பிடித்து வந்து இறக்கிவிடுவார்கள். இது கமிட்டிக்குத் தெரியும், அம்பயருக்குத் தெரியும், எதிர் டீமுக்கும் தெரியும். எல்லாரும் செய்வதால் யாரும் வாயைத் திறப்பதில்லை. பெயர் பொருந்தினால் போதும், முகம் பொருந்த வேண்டியதில்லை.

மேல்பட்டாம்பாக்கத்திலிருந்து பைக்கில் வரும் பெனடிக்ட் அப்படித்தான் ஒரு பிளாக்கில் பிரவின்குமார் ஆனார், இன்னொன்றில் ஹரி ஆனார். ஒரே ஞாயிற்றுக்கிழமை காலையில் ஒருவராகவும் மத்தியானம் இன்னொருவராகவும் ஆடியதும் உண்டு. பழக்கம் வரும்வரை சிரமம்தான். "பிரவின், பந்து, பந்து" என்று கேப்டன் தொண்டை கிழியக் கத்துவார், இவர் யாரோ பிரவினைக் கூப்பிடுகிறார்கள் என்று இடுப்பில் கைவைத்து நிற்பார், பந்து கோட்டைத் தாண்டிப் போய்விடும்.

ஒவ்வொரு டீமும் ஒரு டீ-ஷர்ட் தரும். முதுகில் அந்த இல்லாத பிள்ளையின் பெயர் இருக்கும். வீட்டில் அவை மூட்டையாகச் சேர்ந்துபோயின. பெனடிக்டின் மனைவி டெய்சி கிழிந்ததைத் தரை துடைக்கவும் கிழியாததை அவர் போட்டுக்கொள்ளவும் வைத்திருந்தாள். ஆட்டத்துக்கு நேரமாகிவிட்டது என்று அவர் அப்படி ஒரு சட்டையோடு பூசைக்கு வந்து நின்ற ஒரு ஞாயிறு டெய்சிக்குப் பொறுக்கவில்லை. "ஆண்டவரு மேலருந்து பாத்துகினு எவன் பேருல அட்டெண்டன்ஸ் போடுவாரு?" என்று காதுக்குள் கேட்டாள். பெனடிக்டால் பிரசங்கம் முடியும்வரை சிரிப்பை அடக்க முடியவில்லை.

சுரங்கத்திலும் அவர் கதை ஏறக்குறைய இதேதான். கன்வேயர் பெல்ட்டிலிருந்து சிந்தும் நிலக்கரியை அள்ளிப் போடும் கான்ட்ராக்ட் வேலை, பத்தொன்பது வருஷமாக. பெர்மனென்ட் என்கிற சொல்லை இந்த ஊரில் எப்படிச் சொல்வார்கள் என்று கேட்டுப் பார்க்க வேண்டும், கொஞ்சம் குரலைத் தாழ்த்தி, மரியாதையாக. பெனடிக்ட் அந்த ஆசையை எப்போதோ மூட்டை கட்டிவிட்டார். ஆனால் கிரிக்கெட்டில் ஒரு சின்ன ஆசையை மட்டும் விடவில்லை. சாவதற்குள் தன் பெயர் போட்ட ஒரு டீ-ஷர்ட். டெய்சியிடம்கூடச் சொன்னதில்லை, சொன்னால் தையல்காரரிடம் கொடுத்து மறுநாளே எழுதி வாங்கி வந்துவிடுவாள். அது வேறு, இது வேறு.

அவர் ஆடியதிலேயே பெரிய ஆட்டம் இருபத்தோராம் பிளாக்குக்கு ஆடியது. அங்கே குடியிருந்த ராஜாம்பாள் அம்மாவின் மூத்த மகன் செந்தில்நாதன் சிங்கப்பூரில் இருந்தான், அவன் பெயரில் இறங்கினார். பதினோரு ரன் கொடுத்து ஆறு விக்கெட். சிறந்த பந்து வீச்சாளர் கோப்பையை மேடையில் வாங்கினார், கீழே இறங்கியதும் செந்தில்நாதனின் தம்பியும் கேப்டனுமான சசிகுமாரிடம் கொடுத்தார். அதுதான் முறை. செந்தில்நாதன், ஆறு விக்கெட் என்று வெட்டிய அந்தக் கோப்பை ராஜாம்பாள் வீட்டு ஷோகேஸில் போய் உட்கார்ந்தது. அடுத்த வருஷம் செந்தில்நாதனுக்குச் சம்பந்தம் பேச வீடு பார்க்க வந்த பெண்ணின் அப்பா ஒரு கிரிக்கெட் பைத்தியம். ஷோகேஸ் முன்னால் நின்றவர் நகரவே இல்லையாம். மாப்பிள்ளை ஆறு விக்கெட் எடுத்தாரா என்று கேட்டபோது ராஜாம்பாள் இல்லை என்றும் சொல்லவில்லை, ஆமாம் என்றும் சொல்லவில்லை, காபி எடுத்து வர உள்ளே போய்விட்டார். கல்யாணம் நடந்தது.

நாற்பத்து மூன்றாம் வயதில் பெனடிக்டின் வலது தோள் போய்விட்டது. சட்டை மாட்டவே டெய்சியின் உதவி வேண்டியிருந்தது. பந்து போடுகிற ஆள் வீட்டில் உட்கார்ந்தால் என்ன ஆவார் என்று ஊர் கவலைப்பட்டது. அவர் ஆள் பிடிக்கிறவர் ஆனார். வட்டாரத்தில் எந்தத் தெருவில் எவன் எப்படிப் பந்து போடுவான் என்பது இருபத்திரண்டு வருஷ அலைச்சலில் அவருக்கு மனப்பாடம். டீம்கள் போன் செய்யும், இவர் ஆளைக் கொண்டுபோய் நிறுத்துவார், பிரியாணி சாப்பிட்டுவிட்டு வருவார். எல்லாவற்றுக்கும் ஒரு நோட்டு. 'நெல்லிக்குப்பம், வேகம் உண்டு, மாமியார் வீட்டு விசேஷம் என்றால் ஆட்டத்தின் நடுவில் கிளம்பிவிடுவான்.' 'பண்ருட்டி, முந்திரிக் கம்பெனி டிரைவர், நல்ல யார்க்கர், நோ-பால் கொடுத்தால் அழுவான்.' வேகத்தைப் பார்த்து அவர் மயங்குவதே இல்லை. பந்து சொன்ன இடத்தில் விழுகிறதா, அதுதான் அவருக்குக் கணக்கு.

அய்யனாரை அவர் கண்டுபிடித்தது மைதானத்தில் அல்ல. திருவதிகையில் ஒரு வீடு கட்டும் வேலை. கீழே நின்று அய்யனார் செங்கல்லை ஒவ்வொன்றாக மேலே எறிந்துகொண்டிருந்தான். சாரத்தில் நின்றவன் ஒரு கையில் செல்போனைப் பிடித்துப் பேசிக்கொண்டே மறு கையால் வாங்கி அடுக்கினான். கல் எங்கே வருகிறது என்று அவன் ஒருமுறைகூடக் குனிந்து பார்க்கவில்லை. பெனடிக்ட் எதிர்க் கடையில் மூன்று டீ குடித்தார். மூன்றாவது டீ முடிகிறவரை மேலே நின்றவன் பார்க்கவே இல்லை. எறிகிறவன் மேல் அப்படி ஒரு நம்பிக்கை. அவனோ முப்பத்தொரு வயசு ஆள், இரண்டு பிள்ளைக்குத் தகப்பன். ஞாயிற்றுக்கிழமை அறுவடை முடிந்த கொல்லையில் தெருப் பிள்ளைகளோடு பந்து போடுவானாம். போட்டுக் காட்டச் சொன்னார். ஆறு பந்தும் ஒரு கைக்குட்டை அளவு இடத்தில் விழுந்தன. அன்று ராத்திரி நோட்டில் ஒரு வார்த்தைதான் எழுதினார்: 'இவன்.'

சசிகுமாரிடம் சொன்னபோது அவனுக்கு நம்பிக்கை இல்லை. "அண்ணே, இந்த வருஷம் கப்பு அடிச்சாகணும். உங்க ஆளு அடிச்சுக் கொடுத்தான்னா நீங்கதான் நம்ம டீமுக்கு பெர்மனென்ட் செலக்டர். முதுகுல உங்க பேரு போட்டு டீ-ஷர்ட் தரேன்" என்றான். பெர்மனென்ட். முதுகில் பெயர். பெனடிக்ட் உடனே தலையை ஆட்டினார்.

அங்கேதான் அவர் ஒரு தப்பு செய்தார். அய்யனாரை யார் பெயரில் இறக்கலாம் என்று பேச்சு வந்தபோது சசிகுமார் வேறு ஏதோ பெயர் சொன்னான். பெனடிக்ட் கேட்கவில்லை. செந்தில்நாதன் ராசியான பெயர், ஆறு விக்கெட் எடுத்த பெயர், அதையே போடு என்று அடம்பிடித்தார். கொஞ்சம் கர்வம்தான், வேறென்ன. அய்யனாரிடம் யாரும் இதைச் சொல்லவில்லை, முதுகிலும் மைக்கிலும் வந்த பெயரைச் சட்டைக்குக் காசு கொடுத்தவர் பெயர் என்று அவன் நினைத்துக்கொண்டான்.

அரையிறுதி வரை ராசி வேலை செய்தது. இறுதி ஆட்டத்தன்று மைதானத்தைச் சுற்றிக் கூட்டம், பந்தல், மைக், பலாச்சுளை விற்கிற தள்ளுவண்டி. அய்யனார் இரண்டு ஓவரில் ஐந்து ரன் கொடுத்து நாலு விக்கெட் சாய்த்தான். மைக்கில் ஒருவர் உயிரைக் கொடுத்துக் கத்தினார்: இருபத்தோராம் பிளாக்கின் புயல், செந்தில்நாதன், செந்தில்நாதன்.

தள்ளுவண்டி அருகே பலாச்சுளையைக் கடித்துக்கொண்டிருந்த செந்தில்நாதன் அப்படியே நின்றுவிட்டான். அம்மாவுக்கு ஆச்சரியமாக இருக்கட்டும் என்று சொல்லாமல் கொள்ளாமல் காலையில்தான் சிங்கப்பூரிலிருந்து மனைவி தமிழ்மொழியோடு வந்து இறங்கியிருந்தான். தமிழ்மொழி பந்து போட்டவனைப் பார்த்தாள், கணவனைப் பார்த்தாள், பிறகு அவன் கையைப் பிடித்து நேராக ஸ்கோர் எழுதும் மேஜைக்கு இழுத்து வந்தாள். இவர்தான் செந்தில்நாதன், அப்படியென்றால் அங்கே பந்து போட்டது யார் என்று கேட்டாள். அவள் சண்டைக்கு வரவில்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். ஸ்கோர் எழுதுகிறவர் பேனாவை மூடிவிட்டுக் கமிட்டிச் செயலாளரைக் கூப்பிட்டார்.

கமிட்டிச் செயலாளர் நல்ல மனிதர், ஆட்டம் நிற்கக் கூடாது என்பது மட்டுமே அவர் கவலை. ஆளைக் கொண்டுவந்தவர் என்பதால் பெனடிக்டிடம் திரும்பினார். "ரெண்டு பேருக்கும் ஒரே பேரா இருக்கும். அப்படித்தானேங்க?" என்று வழியும் அவரே போட்டுக் கொடுத்தார். எதிர் டீம் கேப்டன்கூட வானத்தைப் பார்த்தான், அவன் டீமிலும் மூன்று பெயர்கள் வெளிநாட்டில் இருந்தன. சசிகுமார் கண்ணாலேயே கெஞ்சினான். ஒரு தலையாட்டல் போதும், டீ-ஷர்ட் பெனடிக்டுக்கு.

ஆட்டியிருப்பார். சத்தியமாக ஆட்டியிருப்பார். ஆனால் அந்த நேரம் பார்த்துத் தண்ணீர் குடிக்க வந்த அய்யனார், நடப்பது எதுவும் தெரியாமல், கையில் செல்போனோடு ஸ்கோர் ஷீட்டின் மேல் குனிந்து ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தான். கடைசி வரிக்கு வந்து நிமிர்ந்தான்.

"அண்ணா, வூட்ல காட்டலாம்னு போட்டோ புடிக்க வந்தேன். இதுல நான் எங்க இருக்கேன்?"

இருபத்திரண்டு வருஷத்தில் பெனடிக்ட் அந்தக் கேள்வியை யாரிடமும் கேட்டதில்லை. கேட்க வேண்டும் என்றுகூடத் தோன்றியதில்லை, அதுதான் முறை என்று இருந்துவிட்டார். இப்போது இன்னொருவன் வாயிலிருந்து கேட்டபோது அது எவ்வளவு கேவலமான முறை என்று உறைத்தது.

"அது செந்தில்நாதன் இல்லீங்க" என்றார் செயலாளரிடம். "அவம் பேரு அய்யனாரு, ஊரு திருவதிகை. நான்தான் கூட்டிகினு வந்தேன். நாலு விக்கெட்டும் அவன் எடுத்தது. டீமை வெளிய அனுப்பறதுன்னா அனுப்புங்க, அதுக்கு முன்னாடி அவன் பேர எழுதிடுங்க."

வேறு வழியில்லாமல் செயலாளர் எழுதினார், அய்யனார் போட்டோ எடுத்துக்கொண்டான், இருபத்தோராம் பிளாக் வெளியேறியது. சசிகுமார் மேஜையிலிருந்த தண்ணீர் பாட்டிலை எட்டி உதைத்துவிட்டுப் போனான். அப்போதுதான் தமிழ்மொழிக்கு இன்னொன்று நினைவுக்கு வந்தது. அப்படியென்றால் வீட்டு ஷோகேஸில் இருக்கிற கப்பு யாருடையது என்று கணவனைக் கேட்டாள். வாயில் பலாச்சுளை இருந்ததால் செந்தில்நாதனால் பேச முடியவில்லை, கையை நீட்டிப் பெனடிக்டைக் காட்டினான். அவள் அவரை மேலும் கீழும் பார்த்தாள். "எங்க அப்பா உங்களப் பாத்துதான் என்னை இவருக்குக் கட்டிக் குடுத்தாரு" என்று சொல்லி, அடக்க முடியாமல் சிரித்தாள். பெனடிக்டும் சிரித்தார், பைக்கை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

டீ-ஷர்ட் வரவில்லை. அதற்குப் பிறகு அவர் ஆள் தருவதற்கு ஒரு நிபந்தனை வைத்தார், ஆடுகிறவன் சொந்தப் பெயரில்தான் ஆட வேண்டும் என்று. டவுன்ஷிப்பிலிருந்து போன் வருவது நின்றது, பண்ருட்டிப் பக்கத்து டீம்கள்தான் இப்போது கூப்பிடுகின்றன. அய்யனார் அங்கே மூன்று போட்டி ஆடிவிட்டான். சசிகுமார் இன்னும் பேசுவதில்லை.

ஆனால் பதினைந்து நாள் கழித்து ராஜாம்பாள் ஒரு ஆட்டோவில் மேல்பட்டாம்பாக்கத்துக்கு வந்தார். மடியில் துண்டு சுற்றிய கோப்பை. மருமகள் கொடுத்து அனுப்பினாளாம். பெயரை அழித்துவிட்டு உங்கள் பெயரை வெட்டிக் கொண்டுவரலாம் என்றுதான் கடைக்குப் போனேன், அழித்தால் தகடு கிழிந்துவிடும் என்றார்கள், அதனால் அப்படியே கொண்டுவந்துவிட்டேன் என்று வருத்தப்பட்டார். டெய்சி அதை டிவி பக்கத்தில் வைத்தாள்.

அடுத்த ஞாயிறு ஜெபம் சொல்ல வீட்டுக்கு வந்த கோயில் அன்பியக் குழுப் பெண்களில் ஒருத்தி கோப்பையைக் கையில் எடுத்து எழுத்துக் கூட்டிப் படித்தாள். யாரு இந்த செந்தில்நாதன், உங்க சொந்தமா என்று கேட்டாள். பெனடிக்ட் விளக்கம் சொல்ல வாயெடுத்தார். சொல்லி முடிக்க அரை மணி நேரம் ஆகியிருக்கும்.

டெய்சி கோப்பையை வாங்கி முந்தானையால் ஒரு துடை துடைத்து, இருந்த இடத்திலேயே வைத்தாள்.

"எங்க வூட்டுக்காரருதாங்க" என்றாள்.