கடல் பார்க்காதவர்கள் கை தூக்குங்கள்

போன வாரம் என் மகள் ராமேஸ்வரம் போய் வந்தாள். ஊட்டியில் அவள் படிக்கும் பள்ளியிலிருந்து எக்ஸ்கர்ஷன். (தன் பெயரைப் போடக் கூடாது என்பது அவள் கண்டிஷன்.) கோயில், பாம்பன் பாலம், கடல் குளியல் என்று மூன்று நாள் தீவுச் சுற்றுலா.

சம்மதக் கடிதத்தில் கையெழுத்துப் போட எனக்குப் பத்து நாள் ஆனது.

"ஏனுங்க டீச்சரம்மா, எங்கூட்டுப் புள்ளையுந்தான் போகுது. கடலு என்ன, முழுங்கீருமுங்களா?" என்றார் மளிகைக் கடைக்காரர்.

என் வீட்டுக்காரர் அதற்கும் மேல். "என்னா பயம் ஒனக்கு? மறுபடி கப்பல்ல ஏத்தி விட்ருவாங்கன்னா?"

சிரிக்கலாம். ஆனால் அந்தத் தீவில்தான் ஒருமுறை அவளைத் தொலைத்தேன்...

எட்டு வருஷம் முன்பு, ஒப்பந்தப்படி இலங்கைத் தேயிலைத் தோட்டத்தை விட்டுக் கப்பலில் வந்து இறங்கிய அன்று. அவளுக்கு ஆறு வயது. சுங்க அதிகாரி எங்கள் டிரங்குப் பெட்டியைக் கிளறினார்; நிமிர்ந்து பார்த்தால் பிள்ளை இல்லை. எப்படிக் கிடைத்தாள் தெரியுமா? வேறொரு குடும்பத்தின் கார்டில் எழுதியிருந்த ஆள் கணக்கைவிட ஒரு தலை அதிகம் என்று இன்னொரு அதிகாரி கத்தினார். அந்த அதிகத் தலை என் மகள்! அவர்கள் மூட்டைமேல் உட்கார்ந்து ரொட்டி தின்றுகொண்டிருந்தாள்.

ஊரெல்லாம் பாவம் கழுவப் போகிற தீவு, நாங்கள் மூட்டையோடு வரிசையில் நின்ற தீவு. இப்போது பிக்னிக் ஸ்பாட். வேஷம் மாற்றுவது மனிதர்கள் மட்டுமா?

முகம் கறுத்து, கை நிறையச் சிப்பியோடு திரும்பினாள்.

"சூப்பர்ம்மா! பாலத்துல ரயில் ஏறுறதுக்கு முன்னாடி மிஸ் கேட்டாங்க, இதுவரைக்கும் கடலே பாக்காதவங்க கை தூக்குங்கன்னு. எல்லாரும் தூக்குனாங்க."

"நீ?"

"நானுந்தான்."

"ஏன்டி? கப்பல்ல வந்தது ஞாபகம் இல்லையா?"

"இருக்கு. தூக்கலேன்னா எப்பப் பாத்தேன்னு கேப்பாங்க. சிலோன்காரின்னு தெரிஞ்சிரும். நீதானேம்மா சொல்லிக்குடுத்த?"

நான்தான். 'சிலோன்காரங்க' என்று பஜாரில் இழுக்கிற இழுப்புக்குப் பயந்து, பள்ளியில் சேர்த்த அன்றே சொல்லிவைத்தேன் — யார் கேட்டாலும் திருச்சிப் பக்கம் என்று சொல். நான் கண்ணால் பார்த்தே இராத திருச்சி!

அன்று எண்ணிக்கை இடித்ததால் என் மகள் கிடைத்தாள்.

இந்த முறை ரயிலில் ஒரு கை அதிகம் என்று யாருமே கத்தவில்லை.